மங்கலத்தின் விழுப்புக் கணினி

என் அம்மா மங்கலத்தைப் பற்றி நான்கு வருடமாக ஒரு கதை சொல்லி வந்தேன்.

திருவனந்தபுரத்தை அடுத்த கழக்கூட்டத்தில் ஒரு நிறுவனத்தின் கணினிப் பாதுகாப்புப் பிரிவில் எனக்கு வேலை. புதிதாகச் சேருகிறவர்களுக்கு முதல் வகுப்பை நான்தான் எடுப்பேன். அதில் அம்மா வருவாள், பெயர் இல்லாமல். அறுபத்திரண்டு வயதுப் பெண்மணி ஒருவர், ரசிகர்கள் நடத்தும் தளம் ஒன்றிலிருந்து திருட்டு வீடியோ கேம் இறக்கினார், ஒன்பதாம் நாள் அந்த வீட்டில் சேமித்திருந்த முப்பது வருடப் பாட்டுகள் போய்விட்டன என்பேன். சுமார் நானூறு பேரிடம் சொல்லியிருக்கிறேன்.

அம்மா இந்த மேட மாதம், சித்திரையில், இறந்தாள். மூளையில் இரத்தக் கசிவு. இரண்டு நாள் மருத்துவமனை. அதன்பிறகுதான் அந்தக் கதை உண்மைதானா என்று பார்க்கவேண்டி வந்தது.

அம்மா தொலைபேசித் துறையில் டிரங்க் ஆபரேட்டர். 1979-ல், இருபத்தொரு வயதில் சேர்ந்தாள். தலையில் ஹெட்செட், எதிரே துளைகள் நிறைந்த பலகை. மதுரைக்கும் மஸ்கட்டுக்கும் அழைப்புப் பதிந்துவிட்டு வீட்டில் காத்திருப்பவர்களைக் கயிறு செருகி ஒவ்வொருவராக இணைக்க வேண்டும். ஒவ்வொரு அழைப்புக்கும் ஒரு டிக்கெட் எழுத வேண்டும். யாரிடமிருந்து, யாருக்கு, எத்தனை மணிக்கு, கிடைத்ததா, கிடைக்கவில்லை என்றால் ஏன். பிறகு வெளியூருக்கு நேராக எண் சுழற்றும் எஸ்.டி.டி. வந்தது. பலகையைக் கழற்றினார்கள், அம்மாவை மேசைக்கு மாற்றினார்கள். 2018-ல் ஓய்வு பெற்றாள். டிக்கெட் எழுதுவதை மட்டும் விடவில்லை. கேஸ் சிலிண்டர் வந்தால் நோட்டில் ஒரு டிக்கெட். பிளம்பர் வராவிட்டாலும் ஒரு டிக்கெட், காரணத்தோடு.

எக்ஸ்சேஞ்சில் அவளுக்கு அடுத்த நாற்காலி ராகேல் ஆன்ட்டி. மலையாளி. நாற்பது வருடச் சிநேகிதம். அந்த விளையாட்டை இணையத்தில் முதலில் பார்த்தது ராகேல் ஆன்ட்டிதான். பெயர் 'போர்டு நம்பர் எட்டு'. ஒரு குளிர்தேசத்துச் சிற்றூர், பனிப்புயல், ஊருக்கே ஒரு டெலிபோன் ஆபரேட்டர். பலகையில் விளக்கு எரியும். எந்த அழைப்பு முதலில், எது காத்திருக்கலாம் என்று நீங்கள் முடிவு செய்து கயிறு செருக வேண்டும். இருபது வருடம் முன்பு நான்கைந்து பேர் சேர்ந்து செய்தது. நிறுவனம் மூடியாகிவிட்டது. எங்கும் விற்பனையில் இல்லை. பழைய விளையாட்டுகளை விரும்புகிறவர்கள் நடத்தும் ஒரு தளத்தில் மட்டும் கிடைத்தது. அம்மா 2021 பிப்ரவரி நான்காம் தேதி அதை இறக்கினாள்.

அதே கணினியில்தான் அப்பாவின் பாட்டுகளும் இருந்தன. அப்பாவின் பெயர் சேஷன், கோயில் அலுவலகத்தில் எழுத்தராக இருந்தவர். எங்கள் தெரு பஜனை மடத்தில் சனிக்கிழமைதோறும் பாடுவார். 1988 முதல் டேப் ரெக்கார்டரில் பதிந்துவந்தார். அதில் பாடியவர்களில் பாதிப்பேர் இப்போது இல்லை. நூற்று நாற்பது கேசட். பூஞ்சை பிடிக்கத் தொடங்கியதும் அம்மாதான் இரண்டு வருடம் உட்கார்ந்து எல்லாவற்றையும் கணினிக்கு மாற்றினாள். கேசட்டுகள் பழைய சாமான் வாங்கும் ஆக்ரிக்காரனிடம் போயின.

பிப்ரவரி பதிமூன்றாம் தேதி, சனிக்கிழமை, அத்தை மகள் சுப்ரியாவின் கல்யாண வீடியோவை ஒரு பென் டிரைவில் போட்டுக்கொண்டு வீட்டுக்குப் போனேன். காப்பி செய்தேன். காப்பி குடித்தேன். கிளம்பினேன். இருட்டுவதற்குள் அம்மாவிடமிருந்து போன். எந்தப் பாட்டும் திறக்கவில்லை, எல்லாப் பெயருக்கும் பின்னால் ஏதோ வால் முளைத்திருக்கிறது, பூட்டைத் திறக்கப் பணம் கேட்டு ஆங்கிலத்தில் ஒரு கடிதம் வந்திருக்கிறது என்றாள்.

மறுநாள் காலை போய்ப் பார்த்தேன். முதலில் கண்ணில் பட்டது அந்த விளையாட்டு. எங்கிருந்து என்று கேட்டேன். மறைக்காமல் சொன்னாள்.

"தெருவிலே கிடந்ததை எடுத்து வாயிலே போட்டுண்டிருக்கே அம்மா" என்றேன். அப்பாவும் அந்த அறையில் இருந்தார்.

அம்மா ஒன்றுதான் கேட்டாள். "அதுதான்னு உனக்கு உறுதியா?"

"பின்னே வேற என்ன?"

நான் சோதிக்கவில்லை. அன்று என் வேலை மென்பொருள் சோதனை. சோதிப்பதற்குத்தான் எனக்குச் சம்பளம். பழைய டிஸ்க்கைக் கழற்றிப் புதிதாக ஒன்று மாட்டினேன். பழையதைத் தூக்கிப் போடப் போனபோது, இங்கே கொடு என்று கை நீட்டினாள். கொடுத்தேன்.

அப்பா ஒரு மாதம் அவளோடு பேசவில்லை. பிறகு பேசினார். பேசாமலே இருந்திருக்கலாம். பஜனை மடத்தில் எல்லோரிடமும், ஆத்துக்காரி கேம் ஆடினா, முப்பது வருஷம் போயாச்சு என்று சொல்லிவிட்டு வந்தார். வீட்டில் மூக்குக்கண்ணாடியைக் காணோமா, குடையைக் காணோமா, உடனே "மங்கலம், அதையும் கேம் ஆடித் தோத்தாச்சா?" என்பார். விருந்தாளிகள் முன்னால் சொல்வார். அம்மா சிரிப்பாள். அவமானத்தில் சிரிக்கிறாள் என்றே நினைத்தோம்.

அந்த வருடம்தான் நான் பாதுகாப்புப் பிரிவுக்கு மாறினேன். காரணம் கேட்டவர்களிடம் இந்தச் சம்பவத்தையே சொன்னேன். அம்மா அதோடு விளையாட்டை விட்டுவிட்டாள் என்றும் நம்பினேன்.

பதின்மூன்றாம் நாள் சுபஸ்வீகாரம் முடிந்த வாரம், அம்மாவின் அலமாரியை ஒழிக்கச் சொன்னார் அப்பா. கீழ்த்தட்டில் இரண்டு லேப்டாப். ஒன்று பழைய பட்டுத்துணியில் சுற்றியிருந்தது. அதன் மூடியில் வெள்ளை பிளாஸ்திரி ஒட்டி 'மடி' என்று எழுதியிருந்தாள். மற்றொன்று குளியலறைத் துண்டில். அதில் 'விழுப்பு'.

எங்கள் தெருவில் வளர்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டாம். மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். குளித்து, உலர்ந்த வஸ்திரம் உடுத்தி, யாரையும் தொடாமல் இருப்பது மடி. வெளியே போய்வந்த உடம்பு விழுப்பு. மடி விழுப்பைத் தொட்டால் மடி கெட்டது. விழுப்பு மடியைத் தொட்டாலும் கெட்டது மடிதான். மறுபடி குளிக்க வேண்டும். அம்மா வேலைக்குப் போனவள். சிராத்த நாளில் மட்டும் மடி பார்ப்பாள், அதுவும் அப்பாவுக்காக. மனிதர்களிடம் இந்த வழக்கம் என்ன செய்தது என்பது எனக்குத் தெரியும். அம்மாவுக்கும் தெரியும். ஆனால் அதன் விதிகள் அவளுக்கு மனப்பாடம்.

அந்த விதிகளை அப்படியே கணினிக்கு வைத்திருந்தாள். மடிக் கணினி ஒருபோதும் இணையத்தைத் தொடாது. அப்பாவின் புதிய பாட்டுகள் அதில், ரெக்கார்டரிலிருந்து நேராக. விழுப்புக் கணினியில் இணையம், விளையாட்டு, அந்தத் தளம். மடியிலிருந்து விழுப்புக்கு எது வேண்டுமானாலும் போகலாம். விழுப்பிலிருந்து மடிக்கு ஒரு எழுத்துகூட வரக்கூடாது. விழுப்பைத் தொட்ட பென் டிரைவும் விழுப்பு. நோட்டில் ஓரிடத்தில் எழுதியிருந்தாள்: "ஃபார்மட் பண்ணினால் குளித்த மாதிரி என்று நினைத்திருந்தேன். இல்லை. உள்ளே தங்குவது உண்டாம். ஃபார்மட் கை கால் அலம்புவது மட்டும்."

எங்கள் அலுவலகத்தில் முக்கியமான இயந்திரங்களை இப்படித்தான் தனிமைப்படுத்துகிறோம். அதற்கு ஒரு குழு இருக்கிறது. நாற்பது பக்க நடைமுறை இருக்கிறது. அம்மா ஒரு துண்டையும் ஒரு பட்டுத்துணியையும் வைத்து அதைச் செய்திருந்தாள்.

நான்கு நோட்டுகள். எல்லாம் டிக்கெட். இறக்கிய ஒவ்வொரு கோப்புக்கும் ஒன்று. எந்தத் தளம், யார் ஏற்றியது, எவ்வளவு பெரியது, திறந்ததும் என்ன நடந்தது. கூடவே ஒரு நீளமான எண். கோப்பு எதுவானாலும் கணக்கிட்டு அப்படி ஓர் எண் எடுக்கலாம். உள்ளே ஒரு எழுத்து மாறினாலும் எண் முழுக்க மாறிவிடும். எங்கள் தொழிலில் அது கைரேகை. அம்மா அறுபத்து நான்கு எழுத்தையும் கையால் எழுதியிருந்தாள், நான்கு நான்காகப் பிரித்து, டெலிபோன் நம்பர் எழுதுவதுபோல்.

விழுப்புக் கணினியைத் திறந்தேன். அந்தத் தளத்தில் அவளுக்குப் பெயர் 'ஆபரேட்டர்'. புதிதாக யாராவது ஒரு கோப்பை ஏற்றினால், அவள் பழைய கைரேகையோடு ஒப்பிடுவாள். ஒத்துப்போகவில்லை என்றால் கீழே ஒரே வரி, தந்தி ஆங்கிலத்தில்: எண் மாறியிருக்கிறது, திறக்காதீர்கள். அப்படி முப்பத்தொரு கோப்புகளைப் பிடித்திருக்கிறாள். சிலவற்றை எடுத்து நான் பார்த்தேன். கடவுச்சொல் திருடுவது, இயந்திரத்தைப் பூட்டுவது, ரகசியமாகக் கேமராவைத் திறப்பது. ஒன்றுகூட அவள் தவறாகச் சொல்லவில்லை. தளத்தின் கடைசிப் பக்கத்தில் பலர் கேட்டிருந்தார்கள், ஆபரேட்டர் எங்கே, ஏன் லைனில் இல்லை என்று. அவர் அறுபத்தேழு வயதில் இறந்துவிட்டார், திருவனந்தபுரத்தில் இருந்தார், நான் மகள் என்று எழுதினேன். அவர்கள் அவளை ஓர் இளைஞன் என்று நினைத்திருந்தார்கள்.

ராகேல் ஆன்ட்டியை வரச்சொன்னேன். அந்த இரண்டு மூடிகளையும் பார்த்துச் சிரித்தார். சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தார்.

"எழுபத்தொன்பதிலே உங்க பாட்டிக்கு சிராத்தம். அடுக்களை வாசல்லே என்னை நிறுத்தினா உங்க அத்தை. அதே மடி இப்போ பெட்டிக்கா மங்கலம்னு கேட்டேன். ஆமா, பெட்டிக்கு இருக்கட்டும், உனக்கு வேண்டாம்னாள்."

அம்மா எதை இறக்குவாள், எதை இறக்கமாட்டாள் என்பதற்கும் விதி வைத்திருந்தாளாம். கடையில் விற்கிற விளையாட்டைத் தொடமாட்டாள். ராகேல் ஆன்ட்டி ஒருமுறை அப்படி ஒன்றைக் காப்பி கேட்டபோது, டிரங்க் கால் பேசிவிட்டுக் காசு கொடுக்காமல் போகிறவனை நாம் என்ன சொல்லுவோம் என்று கேட்டிருக்கிறாள். எங்கும் விற்பனையில் இல்லாததற்குத்தான் அவளுக்குக் குழப்பம். விற்க ஆள் இல்லை என்பதால் அது திருட்டு இல்லை என்று ஆகிவிடுமா?

நோட்டில் அதற்கும் டிக்கெட் இருந்தது. 'போர்டு நம்பர் எட்டு' செய்தவர்களில் ஒருவரைத் தேடிப் பிடித்திருக்கிறாள். போலந்தில் இப்போது பள்ளி ஆசிரியை. அனுமதி கேட்டு எழுதினாள். பதில் வந்தது. உரிமை தன்னிடம் இல்லை, நிறுவனத்தை வாங்கிய யாரிடமோ இருக்கிறது, அவர்களுக்கே அது தெரியுமா என்பது சந்தேகம், ஆகவே சரி என்று சொல்லத் தனக்கு அதிகாரமில்லை. ஆனால் ஒன்று தெரியவேண்டும்: கயிற்றைப் பிடுங்கும்போது வரும் சத்தம் சரியாக இருக்கிறதா? அம்மா இரண்டு பக்கம் பதில் எழுதியிருக்கிறாள். சத்தம் சரி, ஆனால் நிஜ ஆபரேட்டர் விளக்கு அணைந்த உடனே பிடுங்கமாட்டாள், ஒரு மூச்சு பொறுத்துத்தான் பிடுங்குவாள், யாராவது கடைசியாக ஒரு வார்த்தை சொல்ல மறந்திருக்கலாம் என்று.

டிக்கெட்டின் அடியில், முடிவு என்ற இடத்தில் எழுதியிருந்தது: "அனுமதி கேட்டேன். கொடுக்க வேண்டியவர் யார் என்றே தெரியவில்லை. ஆனாலும் ஆடுகிறேன். தப்பு என் பேரில்."

எங்கள் வகுப்பில் இதற்குத் திரையில் காட்டும் ஒரு படம் இருக்கிறது. சட்டம், அபாயம், நிறுவனக் கொள்கை என்று மூன்று வரி. தப்பு என் பேரில் என்ற வரி அதில் இல்லை.

இதற்குப் பிறகுதான் நான் 2021 நோட்டை எடுத்தேன். தள்ளிப்போட்டது வேண்டுமென்றே.

பிப்ரவரி 13. "வந்தது: ஜானவியின் பென் டிரைவ். எதற்கு: சுப்ரியா கல்யாணம். 4.10 செருகியது. முதல் வீடியோ திறக்கவில்லை, ஜானவி இரண்டு முறை அழுத்தினாள். 4.14 வேறு வீடியோ ஓடியது. 4.40 எடுத்தது."

அதன் கீழே வேறு மையில், 2022 நவம்பர் தேதியிட்டு: "பழைய டிஸ்க்கை விழுப்பில் மாட்டிப் பார்த்தேன். முதலில் பூட்டிய பாட்டு 4.31. கேம் அன்று திறக்கவே இல்லை. கேமின் எண் தளத்தில் இருபது பேரிடம் அதேதான், ஒருவருக்கும் ஒன்றும் ஆகவில்லை. மீதி ஒன்றுதான்."

கடைசி வரி: "அன்று நான் செய்த தப்பு: ஆத்து மனுஷா கையில் வந்ததற்கு விழுப்பு பார்க்கவில்லை."

டிஸ்க் அந்த நோட்டுக்குப் பின்னால் பிஸ்கட் டப்பாவில் இருந்தது. அலுவலகத்துக்கு எடுத்துப் போகவில்லை. வீட்டிலேயே, படிக்க மட்டும் முடிகிற மாதிரி இணைத்தேன். என் பென் டிரைவின் அடையாள எண் பதிவாகியிருந்தது. 4.12-க்கு, வீடியோ போல் பெயர் வைத்துக்கொண்ட ஒரு நிரல் இரண்டு முறை ஓடியிருந்தது. அதன் கைரேகையை எடுத்தேன்.

2021 ஜனவரியில் நான் ஒரு கார்ப் பந்தய விளையாட்டை இறக்கியிருந்தேன். கடைகளில் விற்கும் விளையாட்டு. வாங்கச் சம்பளம் இருந்தது. வாங்கவில்லை, அவ்வளவுதான். ஒரு ரசிகர் தளத்தில் பூட்டு உடைத்த பதிப்பு கிடைத்தது. நிறுவும்போது வைரஸ் தடுப்பை அணைக்கச் சொன்னது. அணைத்தேன். அந்த மாதம் என் லேப்டாப் மெதுவானது, அம்மாவைத் திட்டிய அடுத்த வாரம் அதை முழுக்க அழித்து மறுபடி நிறுவினேன். இரண்டையும் நான் ஒருபோதும் சேர்த்துப் பார்க்கவில்லை. அந்த விளையாட்டின் கோப்பு மட்டும் என்னுடைய இன்னொரு டிஸ்க்கில் தூங்கிக்கொண்டிருந்தது. தனியாக ஓர் இயந்திரத்தில் அதை ஓட விட்டேன். அது உள்ளிருந்து வெளியே வைத்த நிரலின் கைரேகையை எடுத்து, அம்மாவின் டிஸ்க்கில் கிடைத்ததன் அருகே வைத்தேன்.

அறுபத்து நான்கு எழுத்தும் ஒன்று.

ராகேல் ஆன்ட்டிக்குத் தெரியும் என்று எனக்குத் தோன்றியது. போன் செய்து கேட்டேன்.

"சொல்லக்கூடாதுன்னு வாக்கு வாங்கினதாக்கும் மோளே. இனி ஆரு என்னைத் தடுக்க? நான் கேட்டேன், சேஷன் சார் இப்படிக் குத்திக் குத்திப் பேசறாரே, நீ ஏன் சும்மா இருக்கேன்னு. அவள் சொன்னாள், 'ஜானு இதைத்தான் ஜோலியா எடுத்திருக்கா. நாலு பேருக்குச் சொல்லிக் கொடுக்கறா. இது தெரிஞ்சா அவ கை நடுங்கும். ஆபரேட்டருக்குக் கை நடுங்கக்கூடாது.'"

என் வகுப்பில் என்ன கதை சொல்கிறேன் என்று அம்மாவிடம் நானே பெருமையாகச் சொல்லியிருக்கிறேன். அன்றும் சிரித்தாள்.

இரண்டு நாள் கழித்து அப்பாவிடம் சொன்னேன். நோட்டையும் காட்டினேன். அவர் கண்ணாடி போட்டுக்கொண்டு அந்தப் பக்கத்தை மூன்று முறை படித்தார். என்மேல் கோபப்படுவார் என்று காத்திருந்தேன். அவர் தேதியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ரெண்டாயிரத்து இருபத்திரண்டு நவம்பர்" என்றார். "அதுக்கப்புறம் ரெண்டரை வருஷம். நான் எத்தனை தடவை சொல்லியிருப்பேன்?"

கண்ணாடியைக் கழற்றினார்.

"அவ சிரிக்கறதை ஒரு தடவைகூட நான் ஒழுங்காப் பார்க்கலைடி."

சனிக்கிழமை என்னையும் மடத்துக்கு வரச்சொன்னார். பதினைந்து பேர் இருந்தார்கள். பெண்கள் சுவரோரம். அப்பா வழக்கம்போல் ரெக்கார்டரை ஆர்மோனியப் பெட்டிமேல் வைத்து அழுத்தினார். பாட ஆரம்பிக்கவில்லை. எழுந்து நின்றார்.

"பழைய பாட்டு போனது மங்கலத்தாலேன்னு நான்தான் எல்லார்கிட்டயும் சொன்னேன். அது தப்பு. அவளாலே இல்லை."

ஜால்ராவைக் கையில் எடுத்திருந்த கேசவ மாமா நிமிர்ந்தார். அழிந்த பாட்டுகளில் அவருடைய அண்ணாவின் குரல் இருந்தது.

"பின்னே ஆராலே, சேஷா?"

அப்பா என் பக்கம் பார்த்தார். என் பெயரைச் சொல்ல அவரால் முடியவில்லை.

நான் எழுந்தேன். "என்னாலே மாமா. விக்கற கேமைத் திருட்டுத்தனமா இறக்கினது நான். என் பென் டிரைவ்லேதான் வந்தது. அம்மா இறக்கினதுலே ஒண்ணும் இல்லை."

"மங்கலத்துக்குத் தெரியுமோ?"

"தெரியும்."

மாமா என்னைப் பார்க்கவில்லை. ஜால்ராவைக் கீழே வைத்தார். அம்மா மடத்துக்கு வந்த நாட்களில் தாங்கள் எல்லோரும் பேசியதை ஒவ்வொருவரும் நினைத்துக்கொண்டிருக்க வேண்டும். சுவரோரம் ஒரு மாமி நகர்ந்து எனக்கு இடம் விட்டாள். உட்கார்ந்தேன்.

கேசவ மாமா ரெக்கார்டரைக் காட்டினார். "ஓடிண்டிருக்கே அது. இதெல்லாம் பதிஞ்சிருக்குமே. அழிச்சுட்டு முதல்லேர்ந்து ஆரம்பிக்கலாமா?"

"வேண்டாம்" என்றார் அப்பா. "பாட்டோட இதுவும் இருக்கட்டும்."